எக்ஸ்பிரஸ் என்னும் கடுகதி

பிரிட்டனின் பழைய நீராவி எஞ்சின்களைப் பற்றிப் படிக்கத் தொடங்கும் தமிழ் வாசகர் முதல் படத்தின் அடிக்குறிப்பிலேயே தடுக்கி நிற்பார். ‘எக்ஸ்பிரஸ் பாசஞ்சர் எஞ்சின்’ என்று அங்கே போட்டிருக்கும். நம் ஊரில் எக்ஸ்பிரஸ் வேறு, பாசஞ்சர் வேறு. ஒன்று சின்ன ஊர்களைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் ஓடும்; மற்றது நிலையத்துக்கு நிலையம் நின்று, கூடையும் மூட்டையுமாக வருகிறவர்களையெல்லாம் ஏற்றிக்கொண்டு போகும். ஒரே எஞ்சின் இரண்டாகவும் இருப்பது எப்படி?

குழப்பம் நம்முடைய சுருக்கத்தால் வந்தது. பிரிட்டனில் பாசஞ்சருக்கு எதிர்ச்சொல் எக்ஸ்பிரஸ் அன்று, கூட்ஸ். ஆட்களை இழுப்பதா, சரக்கை இழுப்பதா என்பதுதான் முதல் பிரிவு. ஆட்களை ஏற்றும் வண்டிகளுக்குள் எங்கும் நின்று போவது சாதாரண பாசஞ்சர், நில்லாமல் போவது எக்ஸ்பிரஸ் பாசஞ்சர். நாம் ‘சாதாரண’ என்பதை உதிர்த்துவிட்டுப் பாசஞ்சரை மட்டும் வைத்துக்கொண்டோம். ஆக, அடிக்குறிப்பில் உள்ள எஞ்சின் நில்லாமல் ஓடும் பயணி வண்டிக்கானது.

அது சரி, எக்ஸ்பிரஸ் என்றால் விரைவுதானே என்று கேட்கலாம். பிறந்தபோது அந்தச் சொல்லில் விரைவு துளியும் இல்லை. இதை எழுதத் தூண்டியதே அந்தச் செய்திதான்.

லத்தீனில் ‘எக்ஸ்ப்ரிமெரே’ என்றால் வெளியே வரும்படி அழுத்துதல், பிழிந்தெடுத்தல். அழுத்தி வெளிக்கொணர்ந்தது உருவம் தெளிந்து நிற்கும் அல்லவா? அதனால் ‘ஐயத்துக்கு இடமின்றிச் சொல்லப்பட்டது’ என்ற பொருளோடு அந்தச் சொல் பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போனது. தெளிவாகச் சொல்லப்பட்ட காரியம் என்பது மெல்ல நகர்ந்து, ‘இந்த ஒரு காரியத்துக்கென்றே’ என்று ஆயிற்று. ஒரே ஒரு கடிதத்தைக் கொடுத்து, அதற்கென்றே ஓர் ஆளைக் குதிரையில் அனுப்பினால் அந்த ஆள் எக்ஸ்பிரஸ். வழியில் வேறு வேலை இல்லாதவன் எங்கும் நிற்க மாட்டான். நிற்காதவன் முந்தி வந்து சேர்வான். ‘இதற்கென்றே ஆள் அனுப்பியிருக்கிறேன்’ என்று நம் வீடுகளில் சொல்லும்போது அந்த ‘என்றே’யில் ஓர் அழுத்தம் விழுகிறதே, அந்த அழுத்தம்தான் எக்ஸ்பிரஸின் உயிர். விரைவு அதன் விளைவு மட்டுமே.

1840களில் சொல் ரயிலேறியது. முதலில் ஒரு தனிக் காரியத்துக்காக ஓட்டிய வண்டிதான் எக்ஸ்பிரஸ் டிரெயின். இன்று நாம் சிறப்பு ரயில் என்கிறோமே, அது. பிறகு இடையூர்களை விட்டுவிட்டு ஒரு பெருநகருக்கென்றே ஓடும் வண்டிக்கு அந்தப் பெயர் வந்தது. அப்புறம் வேகமாகப் போவதெல்லாம் எக்ஸ்பிரஸ் ஆயிற்று. 1862 முதல் லண்டன் கிங்ஸ் கிராஸிலிருந்து காலை 10 மணிக்கு எடின்பரோவுக்குப் புறப்பட்ட வண்டியின் பெயர் ‘ஸ்பெஷல் ஸ்காட்ச் எக்ஸ்பிரஸ்’. சிறப்பு என்ற பழம்பொருளும் விரைவு என்ற புதுப்பொருளும் அந்த ஒரே பெயரில் அக்கம்பக்கமாக உட்கார்ந்திருக்கின்றன. மக்கள் அதை ‘ஃப்ளையிங் ஸ்காட்ஸ்மேன்’ என்றே அழைத்தார்கள். 1924இல் அதுவே அதிகாரபூர்வப் பெயராயிற்று.

இதற்கு நேர் எதிர்முனையில் ஒரு வண்டி இருந்தது. ஒவ்வொரு பாதையிலும் நாளுக்கு ஒரு வண்டியாவது எல்லா நிலையங்களிலும் நிற்க வேண்டும், மைலுக்கு ஒரு பென்னிக்கு மேல் வாங்கக்கூடாது, நிற்கும் நேரத்தையும் சேர்த்து மணிக்கு 12 மைலுக்குக் குறையக்கூடாது என்று 1844ஆம் ஆண்டுச் சட்டம் சொன்னது. ஏழைகளுக்காக நாடாளுமன்றம் கட்டளையிட்ட அந்த வண்டிக்குப் ‘பார்லிமென்டரி’ என்றே பெயர். நம் பாசஞ்சரின் முன்னோர் அது.

எக்ஸ்பிரஸ் என்ற தகுதியை நீராவி நாளில் எழுத்தில்லாமலே வண்டி அறிவித்தது. எஞ்சினின் முகத்தில் இரு ஓரத்திலும் மோதலைத் தாங்கும் பஃபர்களுக்கு மேலே ஒவ்வொரு விளக்கு, ஆக இரண்டு விளக்குகள் இருந்தால் எக்ஸ்பிரஸ். புகைபோக்கிக்கு அடியில் ஒற்றை விளக்கு இருந்தால் நின்று போகும் வண்டி. சிக்னல் கூண்டில் இருப்பவருக்கு அதற்கும் முன்பே தெரிந்துவிடும். பக்கத்துக் கூண்டிலிருந்து மணி இடைவிடாமல் நான்கு முறை அடித்தால், ‘எக்ஸ்பிரஸ் வருகிறது, பாதை காலியா?’ என்று கேள்வி. மூன்று அடித்து, சற்று நிறுத்தி, ஒன்று அடித்தால் சாதாரண பாசஞ்சர். பாசஞ்சரின் மணிகூட நடுவில் ஒரு முறை நின்றுதான் போகிறது. அப்படி நினைத்து யாரும் வகுத்திருக்க மாட்டார்கள். ஆனாலும் அதைப் படித்த நாளிலிருந்து என்னால் வேறு விதமாக நினைக்க முடியவில்லை.

இனி எஞ்சினுக்கு வருவோம். ‘இதற்கென்றே’ என்ற சொல் இரும்பில் எப்படி உருக்கொள்கிறது என்பதைச் சக்கரத்தில் பார்க்கலாம். கிரேட் வெஸ்டர்ன் ரயில்வே 1903இல் ஸ்விண்டன் பணிமனையில் கட்டிய ‘சிட்டி ஆஃப் ட்ரூரோ’ என்ற எஞ்சினை எடுத்துக்கொள்ளுங்கள். முன்னால் நான்கு சிறு சக்கரங்கள் வளைவுகளில் வழிகாட்டும். பின்னால் இழுக்கும் சக்கரங்கள் நான்கு. ஒவ்வொன்றின் விட்டமும் 6 அடி 8½ அங்குலம். நம்மில் பெரும்பாலோர் அதன் பக்கத்தில் நின்றால் தலைக்கு மேலே இரும்பு வளையம் தெரியும். அதே பணிமனை அதே ஆண்டில் கட்டிய கூட்ஸ் எஞ்சினுக்கு இழுக்கும் சக்கரங்கள் எட்டு. ஒவ்வொன்றும் 4 அடி 7½ அங்குலம்தான்.

ஏன் இந்த வேறுபாடு? சக்கரம் ஒருமுறை சுற்ற, பிஸ்டன் ஒருமுறை போய்த் திரும்ப வேண்டும். மணிக்கு 60 மைல் வேகத்தில் ட்ரூரோவின் சக்கரம் நிமிடத்துக்கு ஏறக்குறைய 250 முறை சுற்றும். கூட்ஸ் எஞ்சினை அதே வேகத்தில் ஓட்டினால் 360ஐத் தாண்டிச் சுற்ற வேண்டியிருக்கும். கனத்த இரும்புத் தண்டுகள் அந்த வேகத்தில் முன்னும் பின்னும் அடித்தால் எஞ்சினும் தண்டவாளமும் தாங்காது. நீராவியும் நேரத்துக்கு உள்ளே புகுந்து வெளியேற முடியாமல் திணறும். சிறு சக்கரத்துக்குப் புறப்படும்போது இழுக்கும் வலு அதிகம், பெரிய சக்கரத்துக்கு ஓட்டம் அதிகம். இரண்டையும் ஒன்றிலே பெற முடியாது என்பதால் எக்ஸ்பிரஸுக்கென்றே ஓர் எஞ்சின் தேவைப்பட்டது.

பழைய நாளில் ஒரே ஒரு சோடிப் பெருஞ்சக்கரம் போதுமாக இருந்தது. 1870இல் ஸ்டர்லிங் என்ற பொறியாளர் அமைத்த எஞ்சினில் அது 8 அடி. பிறகு வண்டிக்குள் நடைவழி வந்தது, சாப்பாட்டுப் பெட்டி வந்தது, பெட்டிகளின் எடை ஏறியது. ஒற்றைச் சோடி வழுக்கத் தொடங்கியது. 1902இல் கிரேட் நார்தர்ன் ரயில்வேக்காக ஐவாட் என்ற பொறியாளர் வெளியிட்ட 251ஆம் எண் எஞ்சினில் இழுக்கும் சக்கரம் இரண்டு சோடி, கொதிகலன் பருத்தது, நெருப்புப் பெட்டி அகன்றது. இந்த வகைக்கு ‘அட்லாண்டிக்’ என்று பெயர். முன்னால் நான்கு, நடுவில் இழுக்கும் நான்கு, பின்னால் இரண்டு என்று சக்கரங்களை எண்ணி இட்ட வகைப்பெயர்தான் அது. கடலுக்கும் பிரிட்டிஷ் எஞ்சினுக்கும் தொடர்பில்லை. தமிழில் எழுதும்போது அதைப் பெயர்க்க முயலாமல் அப்படியே விடுவது நல்லது.

சொல்லின் பழம்பொருளும் புதுப்பொருளும் ஒன்றாகக் கூடிய நாள் ஒன்று உண்டு: 1904 மே 9. நியூயார்க்கிலிருந்து ‘க்ரோன்பிரின்ஸ் வில்ஹெல்ம்’ கப்பல் கொண்டுவந்த தபால் பைகள் பிளிமத் துறைமுகத்தில் இறங்கின. அவற்றை லண்டனுக்குக் கொண்டு செல்வதற்கென்றே ஒரு வண்டி காத்திருந்தது. பிரிஸ்டல் வரை இழுத்தது சிட்டி ஆஃப் ட்ரூரோ. வெலிங்டன் சரிவில் இறங்கும்போது, வண்டியில் இருந்த ரயில் எழுத்தாளர் சார்லஸ் ரூஸ்-மார்ட்டன் கையில் கடிகாரத்துடன் மைல்கற்களை எண்ணிக்கொண்டிருந்தார். ஒரு கால் மைல் 8.8 விநாடியில் கடந்தது என்பது அவர் கணக்கு. மணிக்கு 102.3 மைல், ஏறக்குறைய 165 கிலோமீட்டர். மக்கள் அஞ்சிவிடுவார்கள் என்று அந்த எண்ணை உடனே வெளியிடக் கம்பெனி விரும்பவில்லை. அது சரிதானா என்ற வாதம் இன்றும் ஓயவில்லை. பிரிட்டனில் ஐயமின்றிப் பதிவான முதல் 100 மைல் வேகத்தை, ஃப்ளையிங் ஸ்காட்ஸ்மேன் வண்டியின் பெயரையே தாங்கிய எஞ்சின் 1934இல் தொட்டது. ஆனால் என் கண்ணில் நிற்பது எண் இல்லை. ஒரு காரியத்துக்கென்றே அனுப்பிய ஆள் நிற்காமல் ஓடினான் என்ற பழைய கதை, கடிதப் பைகளோடு அப்படியே திரும்ப நடந்திருக்கிறது.

அச்சமும் வீண் இல்லை. 1906 ஜூலை 1 அன்று பிளிமத்திலிருந்து கப்பல் பயணிகளை ஏற்றி வந்த போட்டிக் கம்பெனியின் எக்ஸ்பிரஸ், மணிக்கு 30 மைலில் திரும்ப வேண்டிய சாலிஸ்பரி வளைவில் அதைப் போல இரு மடங்குக்கும் மேலான வேகத்தில் பாய்ந்து கவிழ்ந்தது. 28 பேர் இறந்தார்கள்.

தமிழில் என்ன சொல்வது? தமிழ்நாட்டில் ‘விரைவு’ ஊன்றிவிட்டது: விரைவு வண்டி, விரைவு ரயில், அரசு விரைவுப் போக்குவரத்துக் கழகம். எளிய சொல், யாருக்கும் புரியும். ஆனால் விரைவு ஒரு பண்பை மட்டும் சொல்கிறது; ஓடும் எதுவும் ஒரு நேரம் விரையலாம். வகைப்பெயராக அது தளர்வாகவே நிற்கிறது. அதனால்தான் சற்று வேகம் கூடியதும் ‘அதிவிரைவு’ என்று முன்னொட்டுத் தேட வேண்டியிருக்கிறது.

இலங்கைத் தமிழர் ‘கடுகதி’ என்கிறார்கள். கடுகதிப் புகையிரதம், நகர்சேர் கடுகதி என்று அங்கே அன்றாடம் புழங்கும் சொல். கடு என்பதற்குக் கொடுமை என்ற பொருள் மட்டும் நினைவுக்கு வருகிறவர்கள் ‘கடுகி வந்தான்’ என்ற வழக்கை எண்ணிப் பார்க்க வேண்டும். கடுகுதல் விரைதலே. புறநானூற்றின் 15ஆம் பாட்டு ‘கடுந்தேர் குழித்த ஞெள்ளல்’ என்கிறது: விரைந்தோடும் தேர்களின் சக்கரம் குழித்த தெரு. சக்கரமும் வேகமும் அது பதித்த தடமும் ஒரே வரியில் இருக்க, ரயிலுக்கு வேறெங்கே சொல் தேடுவது? சாலிஸ்பரி வளைவை நினைத்தால் அந்தக் ‘கடு’வில் உள்ள கொடுமையும் பொருந்திவிடுகிறது.

இதைவிட வியப்பானது தொல்காப்பியத்தில் உள்ளது. கடு என்பதோடு ஒலியாலும் பொருளாலும் நெருங்கிய ‘கடி’ என்ற உரிச்சொல்லுக்கு உரியியல் பத்துப் பொருள் தருகிறது. அவற்றில் விரைவு உண்டு, விளக்கம் உண்டு, சிறப்பும் உண்டு. தெளிவு, தனிச்சிறப்பு, வேகம் என்று எக்ஸ்பிரஸ் லத்தீனிலிருந்து நடந்து வந்த மூன்று படிகளும் ஒரு தமிழ்ச் சொல்லுக்குள் முன்பே இருந்திருக்கின்றன. இரண்டும் ஒரே வேர் என்று யாரும் முடிவு கட்டிவிட வேண்டாம். மொழிகள் தற்செயலாக ஒரே வழியில் நடந்ததுதான். ஆனால் மொழிபெயர்க்கிறவனுக்கு இப்படிப்பட்ட தற்செயல் எளிதில் வாய்ப்பதில்லை.

‘கதி’ வடசொல் என்று தயங்குகிறவர்கள் கடுவிரைவு என்று எழுதலாம். நான் கடுகதியையே எழுதுவேன். கால அட்டவணையில் ஓடித் தேர்ந்த சொல் அது. எஞ்சினை எஞ்சின் என்றே விடலாம், நீராவிப் பொறி என்றும் சொல்லலாம். அட்டவணை வண்டியையும் அதை இழுப்பதையும் வேறுபடுத்த வேண்டிய இடத்தில், வண்டிக்குக் கடுகதி வண்டி, இழுப்பதற்குக் கடுகதி எஞ்சின். பாசஞ்சர் என்ற சொல்லை அடிக்குறிப்பில் தொடவே வேண்டாம். பயணி வண்டி என்று எழுதினால் போதும். முதலில் தடுக்கிய அந்த அடிக்குறிப்பு இப்படி வரும்: ‘பயணி வண்டிக்கான கடுகதி நீராவி எஞ்சின், கிரேட் வெஸ்டர்ன் ரயில்வே, ஸ்விண்டன், 1903.’