தேவாங்கின் கண்ணில் புதையல் இல்லை

தேவாங்கின் கண்ணைப் பிடுங்கி மை தயாரித்துப் பூசினால் புதையல் தெரியுமாம். இந்த மூடத்தனத்துக்கு இன்னொரு தேவாங்கு பலியாகிவிட்டது. சிகிச்சைக்கு வந்தபோது அதற்கு இரண்டு கண்களும் இல்லை. இடுப்பில் கயிறு அறுத்த புண்ணில் சீழ் பிடித்திருந்தது. காப்பாற்ற முடியவில்லை. வனவிலங்கு மருத்துவராக இதைப் பார்த்துப் பார்த்து நெஞ்சு கொதிக்கிறது.

இருட்டில் அந்தக் கண் மின்னுவது உண்மை. விழித்திரைக்குப் பின்னால் ஒளியைத் திருப்பி அனுப்பும் படலம் ஒன்று இருக்கிறது. இரவில் பூச்சி தேடும் பிராணிக்கு அது வேண்டும். டார்ச் அடித்தால் மாட்டின் கண்ணும் அப்படித்தான் மின்னும். மாட்டுக்குப் புதையல் தெரிகிறதா? உயிரோடு இருக்கும் தேவாங்குக்கே மண்ணுக்கடியில் இருப்பது தெரியாது. செத்த கண்ணை அரைத்துப் பூசினால் உங்களுக்கு எப்படித் தெரியும்? அதன் எலும்பில் வசியமும் இல்லை, முடியில் மருந்தும் இல்லை. தாயத்து கட்டுகிறவர் சொன்னால் நம்பாதீர்கள், காசு கொடுக்காதீர்கள். வாங்க ஆள் இருப்பதால்தான் பிடிக்கிறார்கள்.

ஏறக்குறைய கால் கிலோ எடையுள்ள உயிர் அது. ஐந்தரை மாதம் சுமந்து ஒரு குட்டியோ இரண்டோ ஈனும். குரங்கைப் போலத் தாவாது. கிளையைப் பற்றிப் பற்றித்தான் நகரும். கிளைகள் தொடாத இடத்தில் தரையில் இறங்கி நாயிடமோ வண்டியிடமோ மாட்டிக்கொள்ளும். கரூர், திண்டுக்கல் மாவட்டங்களில் 11,806 ஹெக்டேர் பரப்பில் கடவூர் தேவாங்குச் சரணாலயம் 2022 அக்டோபரில் அறிவிக்கப்பட்டது, மனநிறைவான செய்தி. ஆனால் தேவாங்கு தோட்டங்களிலும் புதர்களிலும்கூட வாழ்கிறது. விவசாயிகளே, உயிர்வேலியை முழுவதுமாக வெட்டி எறியாதீர்கள். மரத்துக்கு மரம் போக அதற்கு வேறு வழியில்லை.

பகலில் சுருண்டு கிடந்தால் நோய் என்று எண்ணித் தூக்கி வராதீர்கள், அது தூங்குகிறது. அடிபட்டிருந்தால் மட்டும் காற்றோட்டமுள்ள பெட்டியில் துணி விரித்து, இருட்டாக வைத்து, உடனே வனத்துறையை அழையுங்கள். பற்றியிருக்கும் குச்சியிலிருந்து பிய்த்து இழுக்காதீர்கள், விரல் முறியும். குச்சியோடு சேர்த்து எடுங்கள். பால் புகட்டாதீர்கள், ஃபிளாஷ் அடித்துப் படம் எடுக்காதீர்கள்.

வீட்டில் வளர்ப்பதும் குற்றம்தான். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள விலங்கு இது. மூன்று முதல் ஏழு ஆண்டு வரை சிறை உண்டு. குழந்தை ஆசைப்பட்டது என்று கூண்டில் அடைத்து வைத்திருக்கிறீர்களா? தயவுசெய்து இன்றே வனத்துறையிடம் ஒப்படைத்துவிடுங்கள்.