முதுநிலை மருத்துவப் பட்டம் சிங்கப்பூரில் செல்லுமா? மறுத்தால் எங்கே முறையிடுவது?

மதுரையிலோ கோவையிலோ எம்.டி. முடித்த மருத்துவர் சிங்கப்பூருக்கு வர நினைத்தால், வீட்டில் எல்லாரும் கேட்பது ஒன்றுதான்: "உன் பட்டம் அங்கே செல்லுமா?" ஆம், இல்லை என்று ஒரே மூச்சில் சொல்லிவிட முடியாது. ஒரே பட்டத்தை இங்கே மூன்று இடங்களில் மூன்று விதமாக எடைபோடுகிறார்கள். வழக்கு வரை போகும் மனக்கசப்புகளில் பல, இந்த மூன்றையும் ஒன்றாக நினைத்துக்கொள்வதால் வருபவை என்பது என் எண்ணம்.

முதலாவது, மருத்துவராகப் பதிவு பெறுவது. 1997ஆம் ஆண்டின் மருத்துவப் பதிவுச் சட்டப்படி இதைச் சிங்கப்பூர் மருத்துவ மன்றம் முடிவு செய்கிறது. அது முதலில் பார்ப்பது எம்.பி.பி.எஸ். போன்ற அடிப்படைப் பட்டத்தைத்தான். அடிப்படைப் பட்டம் ஏற்கப்படும் கல்லூரிகளைப் பட்டியலிடும் சட்டத்தின் இரண்டாம் அட்டவணையில் 160 வெளிநாட்டுக் கல்லூரிகள் இருந்தன. 2020 ஜனவரி 1 முதல் அவை 103 ஆகக் குறைந்தன. 2025 பிப்ரவரியில் 112 ஆயின. 2020இல் பட்டியல் சுருங்கியபோது, ஏற்கெனவே பதிவு பெற்றிருந்தவர்களுக்கும் அப்போது படித்துக்கொண்டிருந்தவர்களுக்கும் பாதிப்பு இல்லை.

படித்த கல்லூரி அட்டவணையில் இல்லாவிட்டாலும் ஒரு பக்கவாசல் உண்டு. பதிவுக்குத் தகுதியான முதுநிலைத் தகுதிகளுக்கென மன்றம் தனிப் பட்டியல் வைத்திருக்கிறது. பிரிட்டனின் எம்.ஆர்.சி.பி. (அங்குள்ள மருத்துவர் கல்லூரிகள் தேர்வு வைத்துத் தரும் முதுநிலைத் தகுதி) போன்றது அதில் இருந்தால், மேற்பார்வையில் மட்டும் பணியாற்ற விடும் நிபந்தனைப் பதிவுக்கு விண்ணப்பிக்கலாம். விண்ணப்பிக்கலாம், அவ்வளவுதான். மன்றம் ஏற்றுக்கொண்ட மருத்துவமனையோ பலதுறை மருந்தகமோ (பாலிகிளினிக்) வேலை தர வேண்டும்; வந்த பிறகு மூத்த மருத்துவரின் மேற்பார்வையில் பணியாற்ற வேண்டும்.

இதில் நம்மவர்கள் தடுக்கி விழும் இடம் ஒன்று இருக்கிறது: இனிஷியல். பட்டச் சான்றிதழில் 'எஸ். குமார்' என்றிருக்கும், கடப்பிதழில் தகப்பனார் பெயர் முழுதாக விரிந்து குடும்பப் பெயராக உட்கார்ந்திருக்கும். சான்றிதழ்களை அவை வழங்கப்பட்ட இடத்திலேயே நேரடியாகச் சரிபார்க்கும் நடைமுறை இருப்பதால், இரண்டும் ஒரே ஆள்தான் என்பதற்கு உறுதிமொழிப் பத்திரத்தை ஊரிலேயே வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.

இரண்டாவது, நிபுணர் என்ற தகுதி. இதை முடிவு செய்வது நிபுணர் அங்கீகார வாரியம். அது சான்றிதழோடு நிற்பதில்லை. எத்தனை ஆண்டுப் பயிற்சி, எந்தப் பிரிவில், யாருடைய மேற்பார்வையில் என்று துருவிப் பார்க்கும். ஊரில் ஒரு துறைக்கே தலைவராக இருந்தவர் இங்கே நிபுணர் பதிவேட்டில் இடம்பெறாமல் ரெசிடண்ட் ஃபிசிஷியனாக, அதாவது நிபுணர் அல்லாத மருத்துவமனை மருத்துவராக, வேலை பார்ப்பது சட்டப்படி முரண்பாடு அல்ல. மனத்துக்குக் கசப்பாக இருக்கும், அது வேறு. குடும்ப மருத்துவர்களுக்குத் தனிப் பதிவேடு உண்டு.

மூன்றாவது, பெயர்ப்பலகை. பெயருக்குப் பின்னால் எந்த எழுத்துகளைப் போட்டுக்கொள்ளலாம் என்பதற்கும் மன்றத்தின் ஒப்புதல் வேண்டும்.

இந்தியாவில் எழுந்த தகராறு வேறு வகை. அங்கே முன்பு ஒரு கல்லூரியின் முதுநிலைப் படிப்புக்கு முதலில் அனுமதி கிடைத்தது. முதல் அணி தேர்வெழுதும் கட்டத்தில்தான் அங்கீகாரம் வந்தது. இடைப்பட்ட காலத்தில் தேறியவர்கள் தங்கள் பட்டத்தை அங்குள்ள மருத்துவப் பதிவேட்டில் கூடுதல் தகுதியாகப் பதிய முடியாமல் அலைந்திருக்கிறார்கள். அப்படிப்பட்ட தகராறு வழக்காகி அங்கே வென்றாலும், தீர்ப்பு சிங்கப்பூர் மன்றத்தைக் கட்டுப்படுத்தாது.

சரி, இங்கே மறுத்துவிட்டால்? சட்டம் மேல்முறையீட்டுக்கு வழி வைத்திருக்கும் இடத்தில் முதலில் அதையே நாட வேண்டும். அதைத் தாண்டி உயர் நீதிமன்றத்தில் நீதித்துறை மறுஆய்வு, அதாவது முடிவு சட்டப்படி எடுக்கப்பட்டதா என்ற ஆய்வு, கோரலாம். ஆனால் முடிவு வந்த மூன்று மாதத்துக்குள் நீதிமன்றத்தின் அனுமதி கேட்டு மனு போட்டாக வேண்டும். கடிதம் மேல் கடிதம் எழுதிக்கொண்டே இருந்தால் அந்தக் கெடு ஓடிவிடும்.

"தகுதி உண்டு என்று அதிகாரி மின்னஞ்சலில் சொன்னாரே, அதை நம்பி வேலையை விட்டேனே" என்ற வாதம் நிற்குமா? அதிகாரிகள் ஊட்டிய நியாயமான எதிர்பார்ப்புக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு என்று 2013இல் நில ஆணையம் தொடர்பான வழக்கில் உயர் நீதிமன்றம் ஏற்றது. 2016இல் வேறொரு வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தக் கேள்விக்கு முடிவு சொல்லாமல் விட்டுவிட்டது. ஆகவே மின்னஞ்சலைப் பத்திரப்படுத்துங்கள். அதை மட்டும் நம்பி வழக்கில் இறங்காதீர்கள்.

நீதிபதிகள் பட்டத்தின் தரத்தை அளக்க மாட்டார்கள். சட்டம் மீறப்பட்டதா, அறிவுக்கு ஒவ்வாத முடிவா, விண்ணப்பித்தவர் தரப்பைக் கேட்டார்களா என்பதைத்தான் பார்ப்பார்கள். வென்றால் பழைய முடிவு ரத்தாகும். விண்ணப்பம் பெரும்பாலும் அதே அமைப்பிடமே திரும்பும். அது முறைப்படி ஆராய்ந்து, தக்க காரணத்தோடு மறுபடியும் மறுக்கலாம்.