தூண்டலும் தூண்டிலும்

ஆங்கிலத்தின் ‘ஸ்டிமுலஸ்’ என்ற சொல்லுக்குத் தமிழ்ப் பாடநூல்கள் தரும் சொல் ‘தூண்டல்’. உளவியலும் கல்வியியலும் படித்தவர்களுக்குத் ‘தூண்டல் – துலங்கல்’ (தூண்டுவதும் அதற்கு எழும் எதிர்வினையும்) என்ற இணை நன்கு பழக்கமானது. கைபேசி ஓயாமல் எழுப்பும் ஒலியையும் ஒளியையும் அதிர்வையும் குறிக்க, ‘டிஜிட்டல் தூண்டல்’ என்று இன்று எழுதுகிறோம். இந்த இடத்தில்தான் எனக்கு ஒரு தயக்கம்.

லத்தீன் மொழியில் ஸ்டிமுலஸ் என்பது மாட்டை ஓட்டும் முள் வைத்த கோல். நம் உழவர்கள் தார்க்குச்சி என்பார்கள். குத்தினால் மாடு நடக்கும். தமிழ்ச் சொல்லோ விளக்கின் அருகில் இருக்கிறது. திரி எரிந்து சுடர் மங்கும்போது அதைச் சற்று முன்னே தள்ளிவிடுவதும் தூண்டுதல்தான். அதற்குப் பயன்படும் சிறு குச்சி தூண்டுகோல். திருமறைக்காட்டு இறைவனை அப்பர் ‘தூண்டு சுடரனைய சோதி’ என்று பாடியபோது அவர் கண்முன் இருந்தது இந்தச் சுடர். எவ்வளவு அழகான சொல்! ஆசிரியரின் ஒரு கேள்வி மாணவனைத் தூண்டியது என்று சொல்லும்போது, அவனுக்குள் ஏற்கெனவே எண்ணெயும் நெருப்பும் இருந்தன என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறோம்.

அகல் விளக்கு ஏற்றிப் பழகியவர்களுக்கு இன்னொன்றும் தெரியும். திரியை ஒருமுறை தூண்டினால் சுடர் நெடுநேரம் நின்று எரியும். சும்மா தூண்டிக்கொண்டே இருந்தால் சுடர் பெருத்துப் புகை கக்கும், எண்ணெயும் விரைவில் தீரும்.

அதே ‘தூண்டு’ என்னும் வினையிலிருந்து இன்னொரு பெயர்ச்சொல்லும் பிறந்திருக்கிறது: தூண்டில். கைபேசித் திரையில் நடப்பதற்கு இதுதான் நெருங்கிய சொல் என்பது என் துணிபு. வென்றாலும் சூதாட்டத்தை விரும்பாதே என்று சொல்லும் குறள் (931), அந்த வெற்றி ‘தூண்டிற்பொன் மீன்விழுங்கி அற்று’ என்கிறது. பொன் என்பது இங்கே இரைக்குள் மறைந்திருக்கும் இரும்பு முள். தோல்வியைவிட, இடையிடையே கிடைக்கும் வெற்றியே ஆளைப் பிடித்துவைக்கிறது என்பதை வள்ளுவர் கண்டிருக்கிறார்.

அமெரிக்க உளவியலாளர் பி. எஃப். ஸ்கின்னரும் 20ஆம் நூற்றாண்டில் புறாக்களை வைத்து இதே இடத்துக்கு வந்து சேர்ந்தார். எத்தனை முறை கொத்தினால் தானியம் விழும் என்பது உறுதியில்லாதபோது, புறா சலிக்காமல் கொத்திக்கொண்டே இருந்தது. பின்னர் நரம்பியல் ஆய்வாளர் வோல்ஃப்ரம் ஷூல்ட்ஸ், பரிசாகப் பழச்சாறு கொடுத்துக் குரங்குகளின் மூளையை ஆராய்ந்தபோது, டோபமைன் என்ற வேதிப்பொருளைச் சுரக்கும் நரம்பணுக்களிடம் ஒரு மாற்றத்தைக் கண்டார். பழகிய பிறகு அவை பழச்சாறு கிடைக்கும்போது துடிப்பதில்லை. அது வரப்போகிறது என்று காட்டும் அறிகுறிக்கே துடித்தன. டோபமைனை ‘இன்ப வேதிப்பொருள்’ என்று மட்டும் எழுதிவிடுவது அதனால் பாதி உண்மைதான். கைபேசியின் ‘டிங்’ என்ற ஓசை கேட்டவுடன், செய்தியைப் படிப்பதற்கு முன்பே மனம் பரபரப்பது இதனோடு பொருந்துகிறது.

விரலால் தள்ளத் தள்ள முடிவே இல்லாமல் வரும் பக்கத்தை 2006இல் வடிவமைத்தவர் அசா ராஸ்கின். அதற்காகப் பின்னாளில் அவரே வருந்தினார். பக்கம் முடிகிற இடம் என்று ஒன்று இருந்தபோது, ‘போதும்’ என்று எழுந்துகொள்ள ஓர் இடைவெளி இருந்தது. அடுத்து வருவது சலிப்பூட்டும் பத்துக் காட்சிகளாக இருக்கலாம். பதினொன்றாவது வயிறு குலுங்கச் சிரிக்க வைக்கலாம். அந்தப் பதினொன்றுதான் தூண்டிற்பொன்.

அடுத்தது ‘அடிக்‌ஷன்’. நாளிதழ்கள் ‘செல்போனுக்கு அடிமை’ என்று எழுதுகின்றன. மூலத்தோடு இது வியக்கத்தக்க வகையில் ஒத்துப்போகிறது: பண்டைய ரோமில் கடனைத் தீர்க்க முடியாமல், தீர்ப்பின்படி கடன் கொடுத்தவனிடம் ஒப்படைக்கப்பட்டவனுக்கு ‘அடிக்டஸ்’ என்று பெயர். ஆனாலும் பதினான்கு வயதுப் பிள்ளையை அடிமை என்று அழைக்க எனக்கு மனம் வரவில்லை. மதுவைப் பொறுத்தவரை ‘குடிகாரன்’ என்ற வசையை விலக்கிக் ‘குடிநோயாளி’ என்று சொல்லப் பழகியிருக்கிறோம். திரைக்கும் அத்தகைய பரிவான சொல் வேண்டும்.

அதற்காக எல்லாரையும் நோயாளி ஆக்கிவிடவும் கூடாது. உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில், 2022 ஜனவரி முதல் நடைமுறையில் உள்ள 11ஆம் பதிப்பு, டிஜிட்டல் விளையாட்டு சார்ந்த கோளாறை ஏற்றிருக்கிறது. கட்டுப்பாடு இழத்தல், மற்ற எல்லாவற்றையும்விட விளையாட்டே முதன்மையாதல், கேடு நேர்ந்த பின்னும் தொடர்தல் ஆகியவை பொதுவாக 12 மாதங்களாவது நீடித்திருக்க வேண்டும் என்பது அதன் அளவுகோல். இதை ‘விளையாட்டுக் கோளாறு’ எனலாம். ஒருவருக்கு அது இருக்கிறதா என்று முடிவு செய்ய வேண்டியவர் மருத்துவர்.

வீட்டில் பேசுவதற்கு ‘சிக்கிக்கொண்டான்’ என்ற வினையே போதுமானது. தூண்டிலில் மாட்டிய மீனுக்கும் அதையே சொல்கிறோம். சிக்கியது எதில், முள்ளை மறைத்து வைத்தவர் யார் என்று அடுத்த கேள்வியைக் கேட்கவும் அந்தச் சொல் இடம் விடுகிறது.