ஆர்டர் வாங்கியாச்சு, சம்பளம் எங்கே?

போன வருடம் ஓர் இரவுக் காவலர் வக்கீலான என்னைத் தேடி வந்தார். அரசு உதவி பெறும் பள்ளி ஒன்றில் வேலை. நிர்வாகம் முறைப்படி நியமித்தது; அரசுச் சம்பளத்துக்குத் தேவையான நியமன ஒப்புதலைக் கல்வித் துறை தர மறுத்தது. உயர் நீதிமன்றம் அந்த மறுப்பாணையை ரத்து செய்து, 12 வாரத்துக்குள் ஒப்புதல் தரச் சொன்னது. அந்த ஆர்டர் வந்து இரண்டரை ஆண்டு ஆகியிருந்தது. லேமினேட் செய்து பத்திரமாக வைத்திருந்தார். சம்பளம்தான் வரவில்லை.

"ஆபீஸ்ல கேட்டேன் சார், ஃபைல் மேல போயிருக்குன்னாங்க. அவங்களைப் பகைச்சுக்க வேணாம்னு இருந்துட்டேன்."

பதிவறை எழுத்தர், ஆய்வக உதவியாளர், துப்புரவுப் பணியாளர் என்று ஆசிரியரல்லாத பணியாளர்கள் பலர் இப்படித்தான் ஏமாறுகிறார்கள். நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971-இன் 20-ஆவது பிரிவு ஓராண்டுதான் தருகிறது. உத்தரவில் சொன்ன கெடு முடிந்தும் செய்யவில்லை என்றால், அன்றிலிருந்து ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போட வேண்டும். பொறுமைக்கெல்லாம் சட்டத்தில் சலுகை கிடையாது.

கெடு பெரும்பாலும் 'ஆர்டர் நகல் கிடைத்த நாளிலிருந்து' ஓடும். நகலை அதிகாரியின் மேஜையில் வைத்துக் கும்பிட்டுவிட்டு வந்தால், கிடைக்கவே இல்லை என்பார்கள். மாவட்டக் கல்வி அலுவலர், முதன்மைக் கல்வி அலுவலர், பள்ளிச் செயலர் என்று வழக்கில் இருக்கும் எல்லா எதிர்மனுதாரருக்கும் பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகை கிடைக்கும்படி தபாலில் அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் தபால் பிரிவில் இன்னொரு பிரதியில் முத்திரையும் தேதியும் வாங்காமல் நகராதீர்கள்.

அப்புறம், ஆர்டரின் கடைசிப் பத்தியை வக்கீலை வைத்துக்கொண்டு படியுங்கள். 'ஒப்புதல் வழங்க வேண்டும்' என்பது வேறு, 'பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்' என்பது வேறு. இரண்டாவது வகையில் அதிகாரி பரிசீலித்து மறுபடி மறுத்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகிவிடும். அந்த மறுப்பு தவறாகவே இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணம், அவமதிப்பு ஆகாது என்று 1996-இல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வாதம் முடியும் நேரத்திலேயே, அதிகாரியிடமே திருப்பி அனுப்பாமல் நேரடியாக உத்தரவிடும்படி நீதிமன்றத்தைக் கேட்பதில் நான் பிடிவாதமாக இருப்பது இதனால்தான்.

இன்னொரு விளையாட்டும் உண்டு. ஒப்புதல் வரும், ஆனால் நியமன நாளிலிருந்து இல்லாமல், ஒப்புதல் ஆணை போட்ட நாளிலிருந்து. பல ஆண்டு நிலுவைச் சம்பளமும் பணிக்காலமும் சத்தமில்லாமல் போய்விடும். எந்தத் தேதி முதல் என்பது தீர்ப்பிலேயே இருக்கிறதா என்று பாருங்கள்.

"அப்பீல் போட்டிருக்கோம்" என்று அதிகாரிகள் சொன்னால் அப்பீல் வழக்கின் எண்ணைக் கேளுங்கள். ரிட் அப்பீலுக்கு, அதாவது உயர் நீதிமன்ற உத்தரவை எதிர்த்து அங்கேயே போடும் மேல்முறையீட்டுக்கு, 30 நாள்தான். ஆனாலும் அவமதிப்பு நோட்டீஸ் போன பிறகு, தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனுவோடு வந்து நிற்பார்கள். அப்பீல் நிலுவையில் இருப்பது மட்டுமே தடையாணை ஆகாது. வெற்றி பெற்ற வாரமே கேவியட் (முன்னெச்சரிக்கை மனு) போட்டுவிட்டால், உங்களைக் கேட்காமல் தடை வாங்க முடியாது. அது 90 நாள் செல்லும்.

அவமதிப்பு மனுவில் அதிகாரியைப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். இடையில் அவர் மாறுதலாகிப் போயிருந்தால், புதிதாக வந்தவருக்கும் ஆர்டரை முதலில் அனுப்பிவிடுங்கள். "ஜெயிலுக்கு அனுப்பணும் சார்" என்பார்கள் கட்சிக்காரர்கள். சட்டப்படி 6 மாதம் வரை வெறுங்காவலோ, 2,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ உண்டு. ஆனால் நான் பார்த்தவரை, நோட்டீஸ் போனதுமே பாதிப் பேருக்கு ஒப்புதல் ஆணை வந்துவிடுகிறது.

அந்தக் காவலருக்கு அவமதிப்பு வழி அடைபட்டிருந்தது. பழைய உத்தரவை நிறைவேற்றக் கோரி அதிகாரிகளுக்கு மறுபடி மனு கொடுத்து, அதற்கும் பதில் வராததால் புதிதாக ரிட் போட்டோம். வழக்கு நிலுவையில் இருக்கிறது. அவர் ஓய்வு பெற இன்னும் 14 மாதம் இருக்கிறது.