எக்ஸ்ரே நார்மல்தானே சார், ஆடலாமா?

கல்லூரி திறந்து ஒரு மாதம் ஆனால் போதும், பாஸ்கெட்பால் பிள்ளைகள் ஷின்னை, அதாவது முழங்காலுக்குக் கீழே முன்பக்க எலும்பைப் பிடித்துக்கொண்டு வர ஆரம்பித்துவிடுவார்கள். விளையாட்டுக் காயங்களைப் பார்க்கும் பிசியோதெரபிஸ்டான எனக்கு இது பழகிப்போன விஷயம். ஆனால் இந்த வருஷம் ஒரே கல்லூரி, ஒரே அணி, எல்லோருக்கும் ஒரே இடத்தில் வலி. "என்னப்பா நடக்குது அங்கே?" என்று கேட்டால் பதிலும் ஒன்றேதான்: "புது கோச் சார்."

கோச்சைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. விசாரித்த வரையில் நல்ல கோச். ஜோன் டிஃபென்ஸில், அவரவர் இடத்தைக் காத்து நின்றுகொண்டே காலம் தள்ளிய அணியை, எதிரணியைக் கோர்ட் முழுக்கத் துரத்தி மடக்கும் ஃபுல் கோர்ட் பிரஸ் ஆட வைத்திருக்கிறார். 28 மீட்டர் கோர்ட்டில் 40 நிமிடம் அப்படி ஆட மூச்சு வேண்டும்தான். அந்த மூச்சை இரண்டு வாரத்தில் வரவழைக்கப் பார்த்ததுதான் வினை. மே மாதத்தில் பாதிப் பேர் பெரியகுளம் மாதிரியான டோர்னமெண்டுகளில் கிளப்புகளுக்கு ஆடி அலுத்திருந்தார்கள். மீதிப் பேர் ஊரில் பந்தையே தொடவில்லை. இரண்டு கூட்டத்துக்கும் ஒரே மருந்து: காலை ஐந்தரைக்கு ஓட்டம், மாலை பிராக்டிஸ், வாரம் ஆறு நாள், சிமெண்ட் கோர்ட்டில். ஃப்ரீ த்ரோ தவறினால் சூசைட் ரன், அதாவது கோர்ட்டின் ஒவ்வொரு கோட்டையும் தொட்டுத் தொட்டுத் திரும்பி ஓடும் ஓட்டம். போன வருஷம் வாரத்துக்கு நாலு மாலை மட்டும் ஆடிய பிள்ளைகள் இவர்கள். சீசனின் தொடக்கத்தில் அணி பறந்தது, உண்மை. மண்டலப் போட்டி வந்தபோது ஸ்டார்டிங் ஐவரில் இருவர் காலில் ஐஸ் பையோடு பெஞ்சில்.

இப்போது என்னை நிஜமாகவே கோபப்படுத்தும் வாக்கியத்துக்கு வருகிறேன். "எக்ஸ்ரே எடுத்தாச்சு சார், நார்மல். ஆடலாமா?"

இந்த வலிக்குப் பின்னால் ஸ்ட்ரெஸ் ஃபிராக்சர் இருக்கலாம்; திரும்பத் திரும்ப விழும் பளுவால் எலும்பில் வரும் விரிசல் அது. அது முதல் இரண்டு மூன்று வாரங்களில் எக்ஸ்ரேயில் பெரும்பாலும் தெரியாது. திரும்பவும் சொல்கிறேன், தெரியாது. விழுந்து கை உடைந்தால் படத்தில் பளிச்சென்று தெரியுமே, அது வேறு. இது முடியளவு விரிசல். பின்னாளில் படத்தில் நாம் பார்ப்பதுகூடப் பல நேரம் விரிசலை அல்ல, அதைச் சுற்றி எலும்பு புதிதாக வளர்ந்த தடத்தை. ஆறவே ஆரம்பிக்காத எலும்பில் அந்தத் தடம் எங்கிருந்து வரும்? அதற்குள் படத்தை பி.டி. சாரிடம் காட்டி, அவர் கோச்சிடம் சொல்லி, பையன் மறுநாளே கோர்ட்டில். பாதத்தின் நடுவில் இருக்கும் நேவிகுலர் எலும்பென்றால் பல வாரம் கழித்தும் எக்ஸ்ரே கையை விரிக்கும். சந்தேகம் வலுத்தால் எம்.ஆர்.ஐ. எடுக்கத்தான் வேண்டும். செலவு அதிகம், தெரியும். ஒரு சீசனே போவதைவிடக் குறைவு.

அடுத்த கேள்வியும் தயாராக இருக்கும்: "ஸ்டாமினா நல்லா ஏறிடுச்சே, இப்போ போய் ஏன் வலிக்குது?" இதயமும் நுரையீரலும் சீக்கிரம் பழகிவிடும். எலும்பு, புதுப் பளு விழுந்ததும் முதலில் பழையதைக் கரைக்கும், அப்புறம்தான் புதிதாகக் கட்டும். பழைய வீட்டில் சுவரை இடித்துவிட்டுக் கட்டுகிற மாதிரி. இடித்த வாரத்தில் மாடியில் கல்யாணக் கூட்டத்தை ஏற்றினால் என்ன ஆகும்? மூன்றாவது, நான்காவது வாரம்தான் அந்த வாரம். பையனுக்கு ஓட முடிகிறதே என்று கோச் பளுவைக் கூட்டுவதும் அப்போதுதான்.

பெரிய ஆட்டக்காரர்களுக்கே இதில் விலக்கில்லை. அமெரிக்காவின் என்.பி.ஏ. லீகில் ஆடிய சீன வீரர் யாவ் மிங் இடது கால் எலும்பு முறிவுகளால் 2011-இல் 30 வயதிலேயே ஓய்வு பெற்றார். 2014-இல் பாதத்தில் சுண்டுவிரலை ஒட்டிய நீள எலும்பில் விரிசல் விட்ட என்.பி.ஏ. நட்சத்திரம் கெவின் டுரான்ட் அந்த சீசனில் 27 ஆட்டம்தான் ஆடினார். அவர்களுக்குச் சம்பளம் வந்துகொண்டிருந்தது. நம் பிள்ளைக்கு ஸ்போர்ட்ஸ் கோட்டா சீட், ஃபீஸ் சலுகை, ஹாஸ்டல் எல்லாமே ஆடினால்தான். அதனால்தான் வலியை மறைக்கிறார்கள். இதைப் புரிந்துகொள்ளாமல் "ஏன்டா முன்னாடியே சொல்லல" என்று திட்டிப் பிரயோஜனமில்லை. காயத்தில் உட்கார்ந்தால் சலுகை போகாது என்று கல்லூரி முதல் நாளே சொல்லிவிட்டால், பாதிப் பேர் சீக்கிரமே வந்துவிடுவார்கள்.

ஆட்டக்காரர்களே, வலி ஷின் நெடுக நீளமாகப் பரவியிருக்கிறதா, ஒரு விரல் வைத்துக் காட்டும் அளவுக்கு ஒரே புள்ளியிலா? புள்ளி என்றால் ஆட்டத்தை நிறுத்து. ராத்திரி படுத்த பிறகும் வலித்தால் நிறுத்து. ஸ்ப்ரே அடித்துவிட்டு ஆடாதே. எண்ணெய் போட்டு நீவிவிடச் சொல்லாதே, விரிசல் விட்ட எலும்பைப் போய் அழுத்துவார்களா? பெண் பிள்ளைகளுக்குத் தனியாக ஒரு வேண்டுகோள்: பயிற்சி கடுமையானதால் பீரியட்ஸ் நின்றுவிட்டது, அது சகஜம் என்று சீனியர் அக்கா சொன்னால் நம்பாதீர்கள்மா. சாப்பாடு போதவில்லை என்று உடம்பு சொல்கிறது, எலும்பும் கூடவே பலவீனமாகிறது. மகப்பேறு மருத்துவரைப் பாருங்கள், ஹாஸ்டலில் இரண்டாவது சாதம் கேட்டு வாங்கிச் சாப்பிடுங்கள்.

கோச்சுகளுக்கு: 2019-இல் அமெரிக்காவின் கல்லூரி ஸ்ட்ரெங்த் கோச்சுகள் சங்கமும், உடற்பயிற்சி நிபுணர்களின் தேசியச் சங்கமான என்.எஸ்.சி.ஏ.வும் சேர்ந்து ஒரு கணக்கு கொடுத்தார்கள். நீங்கள் போட்டிருக்கும் கண்டிஷனிங், அதாவது ஓட்டம் மாதிரியான உடல்தகுதிப் பயிற்சியின் அளவில் முதல் வாரம் 50 சதவீதம் வெட்டு, அடுத்தடுத்த வாரங்களில் 30, 20, 10 சதவீதம் வெட்டு. புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு மட்டுமல்ல, புதுத் தலைமைக் கோச் வந்த அணிக்கும் இது பொருந்தும். ஷூட்டிங், பாஸிங், பிரஸ் எங்கே நிற்க வேண்டும் என்பதையெல்லாம் முதல் வாரமே தாராளமாகச் சொல்லிக்கொடுங்கள். குதிப்பதையும் ஓடுவதையும் மட்டும் மெதுவாக ஏற்றுங்கள். தண்டனையாக ஓடவிடுவதை தயவுசெய்து விட்டுவிடுங்கள் சார். அந்த ஓட்டம் எந்தக் கணக்கிலும் வருவதில்லை.

கடைசியாக, ஷின்னைவிட அவசரமான ஒன்று. 2017 ஜனவரியில் ஓரிகன் பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணிக்குப் புதுத் தலைமைக் கோச் வந்த கையோடு நடந்த பயிற்சியில் மூன்று பேர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். அளவு மீறிய பயிற்சியில் தசை சிதைந்து, அந்தக் கழிவு சிறுநீரகத்தை அடைக்கும் நிலை உண்டு. கடும் பயிற்சிக்குப் பிறகு தொடை கல்லாக வீங்கி, சிறுநீர் கோலா நிறத்தில் போனால் அன்றைக்கே, ராத்திரியானாலும், அவசரப் பிரிவுக்குப் போங்கள். வலி மாத்திரை போடாதீர்கள். போட்டோ எடுத்து எனக்கு வாட்ஸ்அப் அனுப்பிவிட்டுப் பதிலுக்குக் காத்திருக்காதீர்கள்.