பாக்கெட்டில் கை விடாத பையன்

2012 டிசம்பர் குளிரில் வந்தான். வயது 17. கையுறை இல்லை, விரல்கள் விறைத்துப் போயிருந்தன. ஜாக்கெட்டில்தான் பாக்கெட் இருக்கிறதே என்றேன். "கை உள்ளே இருந்தால் போலீஸ் நிறுத்தும்" என்றான், சாலை விதியைச் சொல்வதுபோல.

நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் மனநல ஆலோசகராக இருக்கிறேன். என்னிடம் வரும் கறுப்பின, லத்தீன் பையன்கள் பலருக்கும் இப்படி ஏதாவது ஒரு பழக்கம் உண்டு. ஒருவன் தண்ணீர் பாட்டில் வாங்கினாலும் வீடு சேரும்வரை ரசீதைக் கையிலேயே வைத்திருப்பான்.

நியாயமான சந்தேகம் இருந்தால் ஒருவரை நிறுத்தலாம், ஆயுதம் வைத்திருப்பதாக நினைக்கக் காரணம் இருந்தால் உடையின் மேலாகத் தடவிப் பார்க்கலாம் என்று 1968இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொன்னது. நியூயார்க் போலீஸ் அதை அன்றாட வழக்கமாகவே ஆக்கிவிட்டது. 2011இல் மட்டும் 6,85,000 தடவைக்கு மேல் நிறுத்தினார்கள். சுமார் 88 சதவீதத்தில் கைதும் இல்லை, அபராதமும் இல்லை. நிறுத்தப்பட்டவர்களில் பெரும்பாலோர் கறுப்பினத்தவரும் லத்தீன் மக்களும்தான். 14 முதல் 24 வயதுள்ள கறுப்பின ஆண்களை அந்த ஆண்டு நிறுத்திய தடவைகள், நகரில் அந்த வயதில் இருந்தவர்களின் தொகையையே தாண்டிவிட்டன. அப்படியென்றால் ஒரே பையனை எத்தனை முறை? நிறுத்தியதற்குப் போலீஸ் நிரப்பும் படிவத்தில் 'சந்தேகத்துக்குரிய அசைவு' என்ற கட்டத்தில் ஒரு டிக் அடித்தால் காரணம் ஆயிற்று.

"தப்பு செய்யாதவன் ஏன் பயப்படணும்?" என்று இங்குள்ள நம்மவர்களே கேட்கிறார்கள். என்னிடம் வருபவர்கள் தப்பு எதுவும் செய்யாதவர்கள்தான். போலீஸ் கணக்கில் 'ஒன்றும் கிடைக்கவில்லை' என்று முடிந்துபோவது இவர்கள் உடம்பில் முடிவதில்லை. தூக்கம் கெடுகிறது, பின்னால் கார் மெதுவானால் நெஞ்சு படபடக்கிறது. அடிக்கடி நிறுத்தப்பட்ட இளைஞர்களிடம் பதற்றமும் அதிர்ச்சி அறிகுறிகளும் கூடுதலாக இருப்பதாக இந்த நகரத்தில் நடந்த ஆய்வு ஒன்றும் 2014இல் சொன்னது.

2013இல் நீதிபதி ஷைரா ஷெயிண்ட்லின், இது நடந்த விதம் அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தார். 2015இல் நிறுத்தும் எண்ணிக்கை 23,000க்கும் கீழே வந்தது. நிறுத்துவது குறைந்தால் ஊர் சுடுகாடாகிவிடும் என்றவர்கள் உண்டு. 2011இல் 515 ஆக இருந்த கொலைகள் 2017இல் 292 ஆகின. ஆனாலும் நிறுத்துவது அடியோடு ஒழியவில்லை. சட்டப்படி வேறு காரணம் இல்லாமல் சம்மதம் கேட்டுச் சோதிப்பதானால், மறுக்கலாம் என்பதையும் போலீஸே சொல்ல வேண்டும் என்ற விதி 2018இல் வந்தது. பிள்ளைகளுக்கு இதைச் சொல்லி வையுங்கள். மறுப்பதை நிதானமாகச் சொல்லிப் பழகட்டும்.

அந்தப் பையன் நாலு மாதம் கழித்து, என் அறையில் பேச்சுவாக்கில் வலது கையைப் பாக்கெட்டில் விட்டான். நான் கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. கிளம்பும்போது, கதவருகில், வெளியே எடுத்துக்கொண்டான்.