ஏவுகணை அழிப்புக் கப்பல் எதை அழிக்கிறது?

மதுரை சிம்மக்கல் பக்கம் ஒரு போட்டித் தேர்வுப் பயிற்சி மையத்தில் வாரத்தில் இரண்டு நாள் சாயங்காலம் பொது அறிவு வகுப்பு எடுக்கிறேன். போன மாதம் நடப்பு நிகழ்வுக் கையேட்டை விரித்து வைத்து வரி வரியாக வாசித்துக்கொண்டு போகிறேன், பாதுகாப்புத் துறைப் பக்கத்தில் தடித்த எழுத்தில் ஒரு தலைப்பு: "அடுத்த தலைமுறை ஏவுகணை அழிப்புக் கப்பல் தயாரிப்பில் உலக நாடுகள் தீவிரம்". உசிலம்பட்டியிலிருந்து பஸ் ஏறி வரும் பிள்ளை ஒன்று கையைத் தூக்கியது. "சார், இந்தக் கப்பல் ஏவுகணையை அழிக்குமா, அடுத்த தலைமுறையை அழிக்குமா?"

வகுப்பே சிரித்தது, நானும் சிரித்தேன். வீட்டுக்குத் திரும்பும்போது யானைக்கல் நெரிசலில் ஸ்கூட்டரை உருட்டிக்கொண்டே யோசித்ததில் சிரிப்பு போய் எரிச்சல் வந்துவிட்டது. அந்தப் பிள்ளை கிண்டலுக்குக் கேட்கவில்லை. தமிழ் தெரிந்தவர் அந்தத் தலைப்பை எப்படிப் படிப்பாரோ அப்படித்தான் படித்திருக்கிறது. இதே 'ஏவுகணை அழிப்புக் கப்பல்' டிவியில் வந்து, பேப்பரில் வந்து, இப்போது பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகளின் நோட்டு வரைக்கும் வந்துவிட்டது. இனியும் வாயை மூடிக்கொண்டு இருக்க முடியாது.

முதலில் மூலச் சொல். 'கைடட் மிசைல் டிஸ்ட்ராயர்' என்பதுதான் இப்படித் தமிழாகிறது. மிசைல் என்ற சொல், அனுப்புதல் என்ற பொருளுள்ள லத்தீன் வினையிலிருந்து வந்தது; ஏவு என்ற நம் வினை அதற்குக் கச்சிதம், ஏவுகணை நல்ல ஆக்கம், அதில் எனக்குச் சண்டை இல்லை. டிஸ்ட்ராயர் கதைதான் கொஞ்சம் சுவாரசியம். 1866-ல் ராபர்ட் ஒயிட்ஹெட் தண்ணீருக்குள் தானாக ஓடிப் போய்க் கப்பலில் மோதி வெடிக்கும் டார்பிடோவைச் செய்து காட்டினார். அதைத் தூக்கிக்கொண்டு சின்னச் சின்னப் படகுகள் பெரிய போர்க்கப்பல்களின் விலாவில் அடிக்க ஆரம்பித்தன. யானைக் காதில் எறும்பு புகுந்த மாதிரி. அந்தப் படகுகளை விரட்டிப் பிடித்து ஒழிப்பதற்கென்றே பிரிட்டன் வேகமான கப்பல்களைக் கட்டியது. 1893-ல் நீரில் இறங்கிய 'ஹேவக்' அந்த வகையில் முன்னோடி, எடை 300 டன்கூடக் கிடையாது. அதன் முழுப் பெயர் 'டார்பிடோ போட் டிஸ்ட்ராயர்', அதாவது டார்பிடோப் படகு ஒழிப்பான். நாளடைவில் முன்பாதி உதிர்ந்து 'டிஸ்ட்ராயர்' மட்டும் நின்றது. யாரை அழிக்க வந்ததோ அந்தப் படகின் பெயர் போய்விட்டது, அழிக்கிறவன் பெயர் நிலைத்துவிட்டது. இத்தாலிக்காரர்கள் இன்றுவரை பழைய பெயரை முழுசாகத்தான் வைத்திருக்கிறார்கள், டார்பிடோப் படகு வேட்டைக்காரன் என்று. ஜப்பானியச் சொல்லுக்கு விரட்டியடிக்கும் கப்பல் என்று பொருள்.

இங்கேதான் நம் ஆட்கள் மாட்டிக்கொண்டார்கள். ஆங்கிலத்தில் முன்பு 'டிஸ்ட்ராயர்' என்பதற்கு முன்னால் நின்றது அழிக்கப்படும் பொருள். 1950-களில் கப்பலில் ஏவுகணையை ஏற்றியபோது (1956-ல் அமெரிக்கா ஒரு பழைய கப்பலை மாற்றிக் கட்டி இதை ஆரம்பித்து வைத்தது) அதே இடத்தில் ஆயுதத்தின் பெயரைக் கொண்டுவந்து வைத்தார்கள். அவர்கள் காதுக்கு அது உறுத்தவில்லை, ஏனென்றால் அதற்குள் டிஸ்ட்ராயர் என்பது அழிக்கிற எதுவும் இல்லை, வெறும் கப்பல் வகையின் பெயர். தமிழில் 'அழிப்பு' இன்னும் உயிரோடு இருக்கிற வினை. முன்னால் ஒரு பெயரை வைத்தால் பாய்ந்து அதைப் பிடித்துக்கொள்ளும்.

கொசு ஒழிப்புப் பணி என்றால் கொசுவை ஒழிக்கிறோம். வெள்ளத் தடுப்புச் சுவர் என்றால் வெள்ளத்தைத் தடுக்கிறது. ஊழல் தடுப்புப் போலீஸ் என்றால் ஊழலைக் கையில் வைத்துக்கொண்டு வேறு எதையோ தடுக்கிற போலீஸ் என்று நாம் யாரும் படிப்பதில்லை (சரி, சிலர் படிக்கலாம்). 'ஐ' உருபு மறைந்து நிற்கிறது, அவ்வளவுதான். அதே கணக்கில் ஏவுகணை அழிப்புக் கப்பல் என்றால் ஏவுகணையை அழிக்கும் கப்பல்.

இதை மையத்தில் தமிழ் எடுக்கும் ஐயாவிடம் டீக்கடையில் சொன்னேன். மனிதர் லேசில் விடுகிறவர் இல்லை. "அரிவாள் வெட்டு என்றால் என்ன தம்பி? அரிவாளை வெட்டினதா?" என்றார். நல்ல கேள்வி, அதுவும் மதுரையில் நின்றுகொண்டு. அரிவாளால் வெட்டியது, மூன்றாம் வேற்றுமைத் தொகை. அதே மாதிரி ஏவுகணையால் அழிக்கும் கப்பல் என்று கொண்டால் ஏவுகணை அழிப்புக் கப்பல் சரிதானே என்பது அவர் கட்சி. இலக்கணப்படி அவர் சொன்னதில் தப்பே இல்லை, அதனாலேயே எனக்கு இரண்டாவது டீ சொல்ல வேண்டியதாயிற்று.

ஆனால் அரிவாள் வெட்டில் நமக்குக் குழப்பம் வராததற்குக் காரணம் இலக்கணம் இல்லை, உலக வழக்கம். அரிவாள் வெட்டும், அரிவாளை யாரும் வெட்டுவதில்லை. மரம் வெட்டு என்றால் மரத்தை வெட்டுவது, மரத்தால் எதையும் வெட்ட முடியாது. இரண்டிலும் ஒரு வாசல்தான் திறந்திருக்கிறது. ஏவுகணைக்கு இரண்டு வாசலும் திறந்திருக்கிறது: அது அழிக்கவும் செய்யும், நடுவானில் அழிக்கப்படவும் செய்யும். அப்படிப்பட்ட இடத்தில் உருபைத் தொக்க வைத்துவிட்டு வாசகன் தலையில் பாரத்தைப் போடுவது என்ன மொழிபெயர்ப்பு?

ஐயா விடவில்லை. அந்தக் கப்பல் நிஜமாகவே ஏவுகணைகளையும் அழிக்கிறதே என்றார். அழிக்கிறதுதான். 2023 அக்டோபர் 19-ம் தேதி ஏமன் பக்கமிருந்து வந்த ஏவுகணைகளையும் ட்ரோன்களையும் செங்கடலில் நின்ற அமெரிக்க டிஸ்ட்ராயர் 'கார்னி' சுட்டு வீழ்த்தியது. இப்போதைய டிஸ்ட்ராயர்களின் முக்கிய வேலையே கூட வருகிற கப்பல்களுக்கு வான் பாதுகாப்புத் தருவதுதான். ஆனால் அதே கப்பல் நீர்மூழ்கியைத் தேடும், கரையில் இருக்கும் இலக்கை அடிக்கும், எதிரிக் கப்பலை அடிக்கும். நம்முடைய 'விசாகப்பட்டினம்' வகைக் கப்பல்களில் வானில் வருவதை அடிக்க பராக்-8 ஏவுகணை இருக்கிறது, கப்பலையும் தரையையும் அடிக்க பிரம்மோஸ் ஏவுகணை இருக்கிறது. ஐந்து வேலை பார்க்கிறவனை ஒரு வேலையின் பெயரால் கூப்பிடுவது வேறு. கூப்பிட்ட பெயர் தற்செயலாக ஒரு வேலையோடு ஒத்துப்போய்விட்டது என்பதற்காக அதைச் சரி என்பது வேறு.

மறுபக்கமும் இருக்கிறது. 1971 டிசம்பர் 4 ராத்திரி கராச்சிக்கு வெளியே நம் 'நிர்காட்' பாகிஸ்தானின் 'கைபர்' என்ற டிஸ்ட்ராயரை மூழ்கடித்தது. நிர்காட் ஒரு சின்ன ஏவுகணைப் படகு. 1982-ல் ஃபாக்லாந்து சண்டையில் பிரிட்டனின் 'ஷெஃபீல்டு', அதுவும் ஏவுகணை ஏற்றிய டிஸ்ட்ராயர்தான், ஒரே ஒரு எக்ஸோசெட் ஏவுகணை பட்டு எரிந்து ஆறாம் நாள் மூழ்கியது. அதை "ஏவுகணை அழித்த ஏவுகணை அழிப்புக் கப்பல்" என்று எழுதிப் பாருங்கள். இந்தக் கண்றாவியை நான் கற்பனையாகச் சொல்லவில்லை, இந்தச் சொல்லை வைத்துக்கொண்டு அந்தச் செய்தியை வேறு எப்படி எழுதுவீர்கள்?

அப்புறம் 'அழிப்பான்'. 'ஏவுகணை அழிப்பான்' என்று சுருக்கி எழுதுகிறவர்களும் உண்டு. இவர்கள் பள்ளிக்கூடமே போகவில்லையா? அழிப்பான் என்பது பென்சில் டப்பாவில் இருக்கும் ரப்பர். டவுன்ஹால் ரோட்டில் எந்த ஸ்டேஷனரிக் கடையில் கேட்டாலும் அதைத்தான் எடுத்துக் கொடுப்பார்கள், ஏழாயிரம் டன் எடையில் எதுவும் வராது.

ஐயா தன் பங்குக்கு 'அழிகலம்' என்று ஒன்று சொன்னார். கேட்க அழகாகத்தான் இருக்கிறது, தூய தமிழும்கூட. ஆனால் வினைத்தொகை. அழிக்கும் கலம் என்று அவர் விரிக்கிறார், என் காதுக்கு அழிகின்ற கலம் என்றுதான் விழுகிறது. குறளில் 'அழிபசி' வருகிறதே, அழிக்கிற பசிதானே என்று மடக்கினார். பசி அழிக்கும் என்று வயிறு உள்ள எல்லாருக்கும் தெரியும், அங்கே சந்தேகம் வராது. கப்பல் இரண்டும் செய்யும். கடற்படைக்காரர் யாரும் தன் கப்பலை அழிகலம் என்று எழுதிய பலகைக்குக் கீழே நின்று போட்டோ எடுத்துக்கொள்ள மாட்டார்.

எனக்குத் தெரிந்து பிரச்சினை இல்லாத சொல் பழைய 'நாசகாரி'தான். இலங்கைத் தமிழ்ப் பத்திரிகைகளில் தாராளமாகப் புழங்குகிறது, இங்கேயும் போர்ச் செய்தி படித்துப் பழகிய பெரியவர்களுக்குத் தெரியும். வடசொல்தான், தெரிந்தேதான் சொல்கிறேன். மற்ற இடங்களில் வடசொல்லுக்குத் தமிழ்ச் சொல் தேடி அலைகிற ஆள் நான். ஆனால் நாசகாரி என்பது இன்று வினையாகக் காதில் விழுவதில்லை, ஒரு பெயராக விழுகிறது. ஆங்கிலத்தில் டிஸ்ட்ராயருக்கு என்ன நடந்ததோ அதுவே இதற்கும் நடந்திருக்கிறது. ஒரு சங்கடம் உண்டு: எங்கள் ஊர்ப் பக்கம் அது வசவு. தெருக் குழாயடியில் "அடி நாசகாரி" என்று கேட்காமல் வளர்ந்த மதுரைப் பிள்ளை கிடையாது. இருக்கட்டும். கப்பலின் பெயரே ஊர்ப் பேச்சில் வசவாகவும் மெச்சலாகவும் ஆனது நமக்குப் புதுசா என்ன? 1914 செப்டம்பர் 22 ராத்திரி சென்னையில் குண்டு போட்ட ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன், கடல் இல்லாத மதுரையில் இன்றுவரை "அவன் சரியான எம்டன்" என்று நடமாடிக்கொண்டிருக்கிறது. (எம்டன் நாசகாரி அல்ல, இலகு ரக குரூசர், அது வேறு போர்க்கப்பல் வகை. இதையும் மாற்றி எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள்.)

ஆனால் 'ஏவுகணை நாசகாரி' என்று ஒட்டிவிட்டால் பழைய வியாதி திரும்பி வரும். நடுவில் ஒரு சொல் வேண்டும். 'தாங்கும்' கூடாது, ஏவுகணை வந்து அடித்தாலும் தாங்கும் கப்பல் என்று ஆகிவிடும், ஷெஃபீல்டு தாங்கவில்லை. 'தாங்கிய' சரி. திருப்பரங்குன்றத்துக்காரர்களிடம் வேல் தாங்கிய முருகன் என்றால் வேலின் அடியைத் தாங்கியவர் என்று யாருக்கும் தோன்றாது. ஆக, ஏவுகணை தாங்கிய நாசகாரிக் கப்பல். 'கைடட்' என்பதை 'வழிகாட்டப்பட்ட' என்று முன்னால் போடவே வேண்டாம். இலக்கை நோக்கித் தன்னைத் திருப்பிக்கொண்டு போவது ஏவுகணை, போட்ட திசையில் போவது ராக்கெட் என்று வழக்கு ஏற்கனவே பிரித்துவிட்டது.

இனி அந்த 'அடுத்த தலைமுறை'. இதுதான் எனக்குப் பெரிய கடுப்பு. ஆங்கிலத்தில் நாலு பெயர்ச்சொல்லை ரயில் பெட்டி மாதிரி கோக்கலாம். அதே வரிசையில் தமிழில் கோத்து, உருபையெல்லாம் உருவி எறிந்துவிட்டு, மொழிபெயர்த்தாயிற்று என்று கிளம்பிவிடுகிறார்கள். இப்போது எந்திரமே மொழிபெயர்த்துத் தருகிறது, அதைப் படித்துப் பார்க்கக்கூட ஆள் இல்லை. 'அடுத்த தலைமுறையைச் சேர்ந்த' என்று ஒரு சொல் கூட்டினால் என்ன குடி முழுகிவிடும்? ஃபிரிகேட் என்ற போர்க்கப்பல் வகையின் பெயரில் ஆய்தம் போடச் சோம்பல்பட்டு 'பிரிகேட்' என்று எழுதி, கடற்படைக் கப்பலைத் தரைப்படைப் பிரிவாக மாற்றுகிறார்களே, அதுவும் இதே சோம்பேறித்தனம்தான்.

இத்தனைக்கும் அந்தத் தலைப்புக்குக் கீழே இருந்த விஷயம் நல்ல விஷயம். அமெரிக்கா ஸும்வால்ட் வகையில் 32 கப்பல் கட்டத் திட்டம் போட்டு மூன்றோடு நிறுத்திக்கொண்டது, அதன் பீரங்கிக்கென்று செய்த குண்டு விலை கட்டுப்படியாகாமல் கைவிடப்பட்டு, இப்போது அந்த இடத்தில் ஒலியைவிட ஐந்து மடங்குக்கு மேல் வேகமாகப் போகும் 'ஹைப்பர்சானிக்' ஏவுகணையை வைக்கிறார்கள். சீனாவின் 055 வகை 12,000 டன்னுக்கு மேல், 112 ஏவுகணைக் குழாய். சீனா அதை டிஸ்ட்ராயர் என்கிறது, அமெரிக்கா குரூசர் என்று கணக்கெழுதுகிறது. ஜப்பான் இன்னும் ஒரு படி மேலே போய், ஹெலிகாப்டர்கள் இறங்கும் 'இசுமோ'விலிருந்து எல்லாவற்றையும் 'காவல் கப்பல்' என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடுகிறது. நம் 'சூரத்' 2025 ஜனவரி 15-ம் தேதி மும்பையில் சேவைக்கு வந்தது, 'விசாகப்பட்டினம்' வகையில் நான்காவதும் கடைசியும். 300 டன் படகு விரட்டி 12,000 டன் ஆன கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லியிருக்கலாம். வகுப்பில் பாதி நேரம் தலைப்புக்குப் பதவுரை சொல்வதிலேயே போயிற்று.

கையேடு போடுகிறவர்களுக்குப் போன் செய்து, நிறுத்தி நிதானமாக, எழுத்து எழுத்தாகச் சொன்னேன். எதிர்முனையில் இருந்த தம்பி ரொம்ப மரியாதையாகக் குறித்துக்கொண்டார். "அடுத்த இதழ்ல மாத்திடுறோம் சார்." சொன்னபடி மாற்றியும் விட்டார்கள். நேற்று வந்த கட்டைப் பிரித்தால் முதல் பக்கத்திலேயே: "அடுத்த தலைமுறை நாசகாரி".

உசிலம்பட்டிப் பிள்ளை என்னைப் பார்த்தது. "சார், இப்ப ஏவுகணை எங்க சார் போச்சு?"